பால்கனி நீரூற்றின் நான்கு ஓசைகள்

கோலாலம்பூரின் செந்தூலில் நாங்கள் குடியிருக்கும் அடுக்குமாடியின் பதினோராவது மாடிப் பால்கனியில் முழங்கால் உயரத்திற்கும் சற்றுக் கூடுதலாக ஒரு சிறிய நீரூற்று இருக்கிறது. பாறையைப் போல் வார்த்த ரெசின் உடல், மூன்று தட்டுகள், அடியில் ஒரு தொட்டி, தொட்டிக்குள் மூழ்கிக் கிடக்கும் உள்ளங்கை அளவு பம்பு, எல்லாவற்றையும் தாங்கும் இரும்புத் தாங்கி, இவ்வளவுதான். அம்மா காலையில் துளசிச் செடிக்கு நீர் ஊற்றிவிட்டு, அதன் பக்கத்தில் நாற்காலியைப் போட்டுக்கொண்டுதான் நாளிதழ் படிப்பார். தீபாவளிக்கு முன்பு வாங்கி வைத்தோம். மூன்று மாதம் எந்தக் குறையும் தெரியவில்லை.

தைப்பூசம் முடிந்த வாரத்தில், கீழ்வீட்டு அக்கா மின்தூக்கியில் என்னைப் பார்த்து, "தம்பி, உங்க வீட்டுல ஏதோ மோட்டார் பகல் முழுக்க ஓடுதே, என்ன அது? சுருதிப் பெட்டிய காது பக்கத்துல வச்ச மாதிரியே இருக்கு" என்று கேட்டார். அவர் தாதி. பெரும்பாலும் இரவுப் பணி. நமக்குப் பகலாக இருப்பது அவருக்குத் தூங்கும் நேரம். எங்கள் வீட்டில் மோட்டார் எதுவும் இல்லை என்று சொல்ல வாயெடுத்த பிறகுதான் நீரூற்று நினைவுக்கு வந்தது. மறுநாள் அவரிடம் அனுமதி கேட்டுக்கொண்டு அவர் வீட்டுப் படுக்கையறையில் போய் நின்றேன். கதவை மூடியதும் தெளிவாகக் கேட்டது. ஏற்ற இறக்கம் இல்லாத, தாழ்ந்த, விடாத ஒரு ரீங்காரம். மேலே அம்மாவைத் தொலைபேசியில் அழைத்து நீரூற்றின் பிளக்கைப் பிடுங்கச் சொன்னேன். ரீங்காரம் சட்டென்று நின்றது. அக்கா என்னைப் பார்த்தார்; எனக்கு மிகவும் வருத்தமாகிவிட்டது. எத்தனை நாள் தூக்கம் கெட்டிருக்கும்!

அந்த ஒலி மேலே எங்களுக்குக் கேட்காமல் போனதற்குக் காரணம் உண்டு. பால்கனியில் நீர் விழும் சலசலப்பு நம் காதை நிறைத்துவிடுகிறது. அதன் அடியில் பம்பின் ரீங்காரம் அமுங்கிப் போகிறது. நீரின் சலசலப்பு பெரும்பாலும் உச்சச் சுருதி ஒலியால் ஆனது என்பதால் கான்கிரீட் தளத்தைத் தாண்டிக் கீழே போவதில்லை. ரீங்காரமோ காற்றின் வழியாகப் போகவே தேவையில்லை. பம்பு தொட்டியை அதிர வைக்கிறது, தொட்டி தாங்கியை, தாங்கி தரையை. தரை என்பது கீழ்வீட்டின் கூரை. நல்ல ஓசை மேலே தங்கிவிட, வேண்டாத ஓசை மட்டும் கீழே இறங்கியிருக்கிறது.

பகலில் அதை நிறுத்திவைத்தால் என்ன என்று நீங்கள் நினைக்கலாம். அம்மா அமர்வது பகலில்தான் என்பது ஒருபுறம் இருக்க, நம் ஊரில் நீரை அசையாமல் விட்டுவைப்பது சிறிய விஷயமன்று. ஏடிஸ் கொசு முட்டையிட்டு, புழு வளர்ந்து, கொசுவாகப் பறப்பதற்கு இந்த வெப்பத்தில் ஏழு முதல் பத்து நாளே போதும். வீட்டில் கொசுப்புழு கண்டுபிடிக்கப்பட்டால் 1975ஆம் ஆண்டின் நோய் பரப்பும் பூச்சிகள் ஒழிப்புச் சட்டத்தின்கீழ் அபராதம் விதிப்பார்கள் என்பது இங்கே எல்லாருக்கும் தெரிந்த ஒன்று. டிங்கிக் காய்ச்சல் வந்த வீட்டில் இருந்தவர்களுக்கு அபராதத்தைவிட அந்தக் காய்ச்சல்தான் நினைவில் இருக்கும். ஆகவே இரண்டே வழிகள் இருந்தன. ஒன்று நீரூற்றை வடித்துக் காயவைத்துப் பரணில் ஏற்றுவது; மற்றது அதைச் சத்தமில்லாமல் ஓடச் செய்வது. இரண்டாவதை முயன்று பார்ப்பது என்று அப்பாவும் நானும் முடிவு செய்தோம்.

அப்பா செந்தூல் ரயில்வே பட்டறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எந்த இயந்திரத்தைக் கண்டாலும் கையை வைப்பதற்கு முன்பு அவர் காதை வைப்பார். அன்றும் ஒரு நீண்ட ஸ்குரூடிரைவரை எடுத்து வந்தார். அதன் இரும்பு முனையை நீரூற்றின் மேல் தட்டில் ஊன்றி, கைப்பிடியின் பின்புறத்தைக் காதுக்கு முன்னால் இருக்கும் எலும்பில் வைத்துக் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு நடுத்தட்டு, தொட்டியின் விளிம்பு, இரும்புத் தாங்கியின் மூன்று கால்கள், கடைசியாகத் தரை ஓடு. எல்லாம் முடிந்ததும் ஸ்குரூடிரைவரை என்னிடம் நீட்டினார். தொட்டியின் இடப்பக்கச் சுவரில் வைத்தபோது அக்கா சொன்ன சுருதிப் பெட்டி என் மண்டைக்குள்ளேயே ஒலித்தது. வலப்பக்கத்தில் பாதிகூட இல்லை. இத்தனைக்கும் அந்த ஸ்குரூடிரைவர் பம்பைத் தொடவே இல்லை. "ஒரு சத்தம் இல்ல, நாலு சத்தம் கலந்து கேட்குது. ஒவ்வொண்ணா பிரிச்சு எடு" என்றார். நான் எழுத வந்ததே அந்த ஒரு வாக்கியத்தைப் பற்றித்தான். நீரூற்று இரைகிறது என்று மொத்தமாகச் சொல்லிக்கொண்டு புதுப் பம்பு வாங்கி மாட்டுகிறவர்கள் பலருக்கு, அந்தப் புதுப் பம்பும் ஒரு வாரத்தில் அப்படியே இரையத் தொடங்குகிறது. காரணம் பம்பிலேயே இருந்திருக்காது.

முதலில் ரீங்காரம். இத்தகைய சிறு பம்பிற்குள் கம்பிச் சுருள் ஒன்று பிசினுக்குள் அடைக்கப்பட்டிருக்கும். அதன் நடுவிலுள்ள குழியில் ஓர் உருளைக் காந்தம் சுழலும். காந்தத்தின் முனையில் நீரைத் தள்ளும் சிறு இறக்கைகள் இருக்கும். மலேசிய மின்சாரம் நொடிக்கு 50 அலைகளாக வரும் 50 ஹெர்ட்ஸ் மின்சாரம். காந்தமும் அதே தாளத்தில் நொடிக்கு 50 சுற்று, அதாவது நிமிடத்திற்கு 3000 சுற்று சுழல்கிறது. ஆனால் ஒவ்வோர் அலையிலும் மின்னோட்டம் இருமுறை உச்சத்தைத் தொடுவதால், சுருளின் இழுப்பும் நொடிக்கு 100 முறை ஏறி இறங்குகிறது. நாம் கேட்கும் ரீங்காரம் அந்த 100 ஹெர்ட்ஸ்தான். நன்றாக ஓடும் பம்பிலும் அது இருக்கவே செய்யும். அதை அழிக்க முடியாது. வெளியே போகும் வழியை அடைக்கலாம்.

பிளக்கைப் பிடுங்கிவிட்டு (நீருக்குள் கை விடுவதற்கு முன்பு சுவிட்சை அணைப்பது மட்டும் போதாது, பிளக்கையே கழற்றிவிட வேண்டும்) தொட்டியின் மேலிருந்த கூழாங்கற்களை அள்ளினோம். பம்பின் அடியில் நான்கு ரப்பர் கால்கள் இருக்க வேண்டும், மூன்றுதான் இருந்தன. அந்த மூன்றும் நகத்தால் அழுத்தினால் அமுங்காத அளவுக்கு இறுகிப் போயிருந்தன. நான்காவது எங்கோ கற்களுக்கு அடியில் கழன்று கிடந்தது. ஒரு கால் போனதால் சாய்ந்த பம்பு தொட்டியின் இடப்பக்கச் சுவரில் முதுகை முட்டிக்கொண்டு நின்றிருக்கிறது. மேல் தட்டுக்குப் போகும் குழாயும் குட்டையானது, விறைப்பானது. அதுவும் பம்பை அதே சுவரை நோக்கி இழுத்துப் பிடித்திருந்தது. ரெசின் உடலின் உட்புறம் வெறும் கூடு. பம்பு சுவரில் ஒட்டினால் அந்த உடல் முழுவதும் மிருதங்கத்தின் கட்டையைப் போல ஒலியைப் பெருக்கத் தொடங்கிவிடும்.

இதற்குச் செய்தது மிகக் குறைவு. மீன்தொட்டிப் பொருள் விற்கும் கடையில் புதிய ரப்பர் கால்களும், அதே உள்விட்டத்தில் மெத்தென்ற சிலிக்கான் குழாயும் வாங்கினேன். குழாயைத் தேவைக்கு மேல் இரண்டு விரற்கடை நீளம் விட்டு, லேசாக வளைந்து தொங்கும்படி பொருத்தினோம். விறைத்த குழாய் அதிர்வைக் கடத்தும், தொய்ந்த குழாய் அவ்வளவாகக் கடத்தாது. பம்பு எந்தச் சுவரையும் தொடாமல் நடுவில் நின்றது. நான்கு பக்கமும் ஒரு விரல் நுழைகிறதா என்று அப்பா தம் சுண்டு விரலை விட்டுப் பார்த்தார். இரும்புத் தாங்கியின் கால்களுக்கு அடியில் துணி துவைக்கும் இயந்திரத்திற்கு வைக்கும் தடித்த ரப்பர் வில்லைகளை வைத்தோம். மீண்டும் ஓடவிட்டு ஸ்குரூடிரைவரைத் தரை ஓட்டில் ஊன்றிக் கேட்டால், ஒன்றும் இல்லை. அப்பா இருமுறை கேட்டுவிட்டுத்தான் தலையசைத்தார்.

ஆனால் தொட்டியின் அருகில் இன்னொரு சத்தம் எஞ்சியிருந்தது. விட்டுவிட்டுக் கரகரவென்று, அரிசியில் கல் அரைபடுவதைப் போன்ற சத்தம். ரீங்காரம் ஓய்ந்த பிறகே அது தனியாகக் கேட்டது. இதற்கு ஓர் எளிய சோதனை இருக்கிறது. பம்பை வெளியே எடுத்து, மடித்த துண்டின்மேல் வைத்த பிளாஸ்டிக் வாளியில் நீர் நிரப்பி, அதற்குள் தனியாக ஓடவிட வேண்டும். வாளியில் சத்தமில்லாமல் ஓடினால் குறை நீரூற்றில் இருக்கிறது. வாளியிலும் கரகரத்தால் குறை பம்பிற்குள். எங்களுடையது வாளியிலும் கரகரத்தது.

முன்மூடியை விரலாலேயே கழற்றலாம். அதன் பின்னால் இருக்கும் சிறு வட்ட மூடியைக் கால் சுற்றுத் திருப்பினால் வந்துவிடும். பிறகு இறக்கையைப் பிடித்து மெல்ல இழுக்க வேண்டும்; உள்ளிருக்கும் காந்தம் விட மறுப்பதைப் போல முதலில் இழுத்துப் பிடிக்கும், பிறகு திடீரென்று விட்டுவிடும். காந்தத்தின் நடுவில் ஊசி போல மெல்லிய வெள்ளைப் பீங்கான் தண்டு ஒன்று இருக்கும். கீழே விழுந்தால் அது முறிந்துவிடும். ஆகவே மேசைமேல் துணி விரித்து அதன் மேல் வைத்துத்தான் பிரித்தோம். காந்தத்தைச் சுற்றி வழவழவென்று பச்சை கலந்த பழுப்புப் பாசி, அதில் சுற்றிக்கொண்ட நீண்ட தலைமுடி ஒன்று, குழியின் அடியில் மண் துகள்கள். அலங்காரக் கூழாங்கற்களைக் கழுவாமல் போட்டதால் வந்த மண் அது. இன்னொரு காரணத்தையும் பிறகு உணர்ந்தேன். கிள்ளான் பள்ளத்தாக்கில் தண்ணீர்த் தடை முடிந்து குழாய் திறக்கும்போது முதலில் கலங்கலாக வரும் நீரை, குடிக்க முடியாதே என்று நான் நீரூற்றில் ஊற்றியிருக்கிறேன். செடிக்கு ஊற்றியிருக்க வேண்டிய நீர் அது.

பழைய பல்துலக்கியால் காந்தத்தையும், காது குடையும் பஞ்சுக் குச்சியால் குழியையும் தேய்த்தோம். தண்டின் நுனியில் வெள்ளையாக ஒரு படிவு இருந்தது. கோலாலம்பூர்க் குழாய் நீரில் சுண்ணாம்பு அதிகமில்லை. கெண்டியில் உப்புப் படிவதைக்கூட நாம் அரிதாகத்தான் பார்க்கிறோம். ஆனால் நீரூற்றில் நாள்தோறும் நீர் ஆவியாகிறது, கரைந்திருந்த உப்பு தங்கிவிடுகிறது, நாம் மேலும் நீர் ஊற்றுகிறோம், உப்பு மேலும் சேர்கிறது. பல வாரம் நீரை மாற்றாமல் நிரப்பிக்கொண்டே இருந்தால் எவ்வளவு மென்மையான நீரும் கடினமாகிவிடும். எலுமிச்சைச் சாறு கலந்த நீரில் அரை மணி நேரம் ஊறவைத்ததும் படிவு உதிர்ந்தது. வெள்ளை வினிகரும் இதற்கு உதவும். பிறகு நல்ல நீரில் நன்றாக அலசிவிட வேண்டும்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சில பம்புகளில் காந்தத்தைப் பிடித்துக்கொண்டு இறக்கையைத் திருப்பினால், அது ஏறக்குறைய அரைச் சுற்று தளர்வாகத் திரும்பும். உடைந்துவிட்டது என்று எண்ணித் தூக்கி எறிந்துவிடாதீர்கள். அந்தத் தளர்வு வேண்டுமென்றே வைக்கப்பட்டது. நீரின் பாரம் இல்லாமல் காந்தம் முதலில் உதறிக்கொண்டு எழ அது இடம் தருகிறது. தண்டின் இரு நுனிகளிலும் இருக்க வேண்டிய குட்டி ரப்பர் குல்லாய்களைத்தான் பார்க்க வேண்டும். எங்கள் பம்பில் உள்நுனிக் குல்லாய் தேய்ந்து ஓட்டையாகியிருந்தது. தண்டு அதற்குள் ஆடியதால் வந்ததே கரகரப்பு. குல்லாய் மட்டும் தனியாகக் கிடைக்கவில்லை. அதே அளவிலான காந்தமும் தண்டும் குல்லாய்களும் சேர்ந்த தொகுதியை மீன்தொட்டிக் கடைக்காரர் தேடி எடுத்துக் கொடுத்தார்; புதுப் பம்பின் விலையில் பாதிகூட ஆகவில்லை. மாட்டிய பிறகு, நீருக்குள் வைத்தே பம்பை இப்படியும் அப்படியும் சாய்த்து, உள்ளே அடைபட்ட காற்றுக் குமிழிகளை வெளியேற்றினோம். அதைச் செய்யாவிட்டால் புதுப் பம்பும் முதல் சில நிமிடம் கடகடக்கும்.

கம்பி உள்ளே நுழையும் இடத்தில் வெடிப்பு இருந்தாலோ, பம்பைச் சொருகும்போதெல்லாம் வீட்டு மின்பெட்டியில் கசிவுத் துண்டிப்பான் (மின்சாரம் கசிந்தால் தானாக அணையும் சுவிட்சு) விழுந்தாலோ, இந்த வேலைகள் எதையும் செய்யக் கூடாது. அந்தப் பம்பைக் கம்பியை வெட்டிக் குப்பையில் போட வேண்டும். நாடா சுற்றி மறுபடி நீருக்குள் இறக்குவதை நான் எந்த வீட்டிலும் அனுமதிக்க மாட்டேன்.

மூன்றாவது ஓசை, பிற்பகலில் மட்டும் வரும் குளகுளப்பு. நேரத்தை வைத்தே காரணத்தைச் சொல்லிவிடலாம். பதினோராவது மாடியில் வெயிலோடு காற்றும் சேர்ந்து, காலையில் நிறைந்திருந்த தொட்டியை மூன்று மணிக்குள் இரண்டு விரற்கடை இறக்கிவிடுகிறது. நீர்மட்டம் பம்பின் வாய்க்கு அருகே வந்ததும் மேலே ஒரு சிறு சுழி விழுந்து, பம்பு நீரோடு காற்றையும் குடிக்கிறது. தொடர்ந்து அப்படி ஓடினால் குளிர்ச்சிக்கு நீரில்லாமல் பம்பு சூடாகிவிடும். பம்பின் தலைக்கு மேல் மூன்று விரற்கடை நீர் எப்போதும் இருக்கும்படி தொட்டியின் உட்சுவரில் அம்மா நகப்பூச்சால் ஒரு சிவப்புக் கோடு போட்டார். நீர் அந்தக் கோட்டுக்குக் கீழே இறங்கினால் ஒரு செம்பு ஊற்றுவார். அவ்வளவுதான்.

நான்காவது ஓசை நீருடையது. இதைக் குறை என்று அப்பா ஏற்கவில்லை. ஆனால் நடுத்தட்டின் ஓர் ஓரத்திலிருந்து சொட்டுச் சொட்டாக விழுந்த நீர் 'டிங் டிங்' என்று கூர்மையாகக் குத்துவது எனக்கு உறுத்தலாக இருந்தது. சொட்டு நீரில் மோதுவதால் அந்த ஓசை வருகிறது என்றுதான் நெடுநாள் நினைத்திருந்தேன். உண்மையில், சொட்டு விழுந்த குழிக்கு அடியில் சிறைப்படும் ஒரு சிறு காற்றுக் குமிழி சுருங்கி விரிந்து அதிர்வதே அந்த ஓசை. குமிழியின் அளவுக்கும் அதன் சுருதிக்கும் உள்ள உறவை மின்னார்ட் என்ற வானியலாளர் 1933இல் கணக்கிட்டுக் காட்டினார். நீருக்குள் ஒரு மில்லிமீட்டர் ஆரமுள்ள குமிழி ஏறக்குறைய 3,300 ஹெர்ட்ஸில் ஒலிக்கும். குமிழி பெரிதாகப் பெரிதாகச் சுருதி இறங்கும். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2018இல் அதிவேகப் படக்கருவி வைத்து இதை மீண்டும் ஆராய்ந்தபோது, நீரில் பாத்திரம் கழுவும் சோப்புச் சேர்த்தால் அந்தச் சொட்டொலி நின்றுவிடுவதையும் கண்டார்கள். படித்ததும் சமையலறைக்கு ஓடிவிடாதீர்கள். நீரூற்றில் சோப்புக் கலந்தால் நுரை பொங்கிப் பம்பு நுரையைக் குடிக்கத் தொடங்கும். குமிழி உண்டாகாமல் பார்த்துக்கொண்டால் போதும். சொட்டு விழும் இடத்தில், நீர்மட்டத்திற்குச் சற்று மேலே தலை நீட்டும்படி ஒரு தட்டையான கல்லைச் சாய்த்து வைத்தேன். சொட்டு கல்லில் விழுந்து பரவி, அதன் முதுகில் வழிந்து நீரில் இறங்கியது. 'டிங்' போய்விட்டது. கல்லை ஒரு விரல் நகர்த்தினால் ஓசை மாறுகிறது. இன்னும் சற்றுத் திருப்பினால் வேறாகிறது. அந்த மாலை முழுவதையும் இதற்கே செலவிட்டேன், சிறிதும் அலுக்கவில்லை. பம்பின் நீரளவைக் குறைக்கும் சிறு நெம்பையும் பாதிக்குத் திருப்பி வைத்ததில், மேல் தட்டிலிருந்து எகிறி விழுந்துகொண்டிருந்த நீர் சுவரைத் தழுவி வழியத் தொடங்கியது. அம்மாவுக்கு அதுதான் பிடித்திருந்தது.

இப்போது இரண்டு வாரத்திற்கு ஒரு முறை நீரை முழுவதும் மாற்றுகிறோம். மாதத்திற்கு ஒரு முறை பம்பைப் பிரித்துத் துலக்குகிறோம். ஊருக்குப் போகும்போது தொட்டியை வடித்துவிட்டு உட்சுவரையும் தேய்த்துவிட்டுத்தான் கிளம்புகிறோம். ஏடிஸ் முட்டைகள் காய்ந்த சுவரில் பல மாதம் உயிரோடு ஒட்டிக்கொண்டிருந்து, நீர் பட்டதும் பொரிக்கும்.

வேலையெல்லாம் முடிந்த மறுநாள் அக்காவின் படுக்கையறையில் மீண்டும் போய் நின்றேன். இந்த முறை அப்பாவும் ஸ்குரூடிரைவரோடு வந்து, அனுமதி கேட்டுச் சுவரில் ஊன்றிப் பார்த்தார். மேலே அம்மா பிளக்கைப் பிடுங்கினார், சொருகினார், மறுபடி பிடுங்கினார். கீழே எங்கள் மூவருக்கும் ஓடுவதும் தெரியவில்லை, நிற்பதும் தெரியவில்லை. ஒவ்வொரு முறை சொருகும்போதும் மெல்லிய 'டிக்' ஒன்று மட்டும் கேட்டது. காந்தம் எந்தப் பக்கம் சுழல்வது என்று ஒரு கணம் தடுமாறி எழும் ஓசை அது; அதை எடுக்க முடியாது என்று அப்பா அக்காவிடம் விளக்கினார். காலை ஏழரைக்கு, அவர் பணி முடிந்து வீடு திரும்புவதற்கு முன்பே சொருகிவிடுகிறோம் என்று சொன்னேன். "எட்டு மணிக்குத்தான் தம்பி வருவேன்" என்றார். அன்றிலிருந்து ஏழரை என்பது அம்மாவின் கணக்கில் ஏழேகால் ஆகிவிட்டது.